திரேசம்மாவின் முதுகு

1. வெட்டு மேசை

திரைப்பட நெறியாளர் எலன், டென்மார்க்கின் எஸ்பியர்க் நகரத்தில் நான் வேலை செய்த மீன் தொழிற்சாலைக்குள் முதன்முதலாக வந்த காலை, வெட்டு மேசையில் நின்ற பெண்கள் எல்லோரும் கமராவைப் பார்த்தார்கள். நான் பார்க்கவில்லை. அது நடிப்பு அல்ல, பழக்கம். யாழ்ப்பாணத்தில் ஒரு தினசரியில் உதவி ஆசிரியையாக இருந்த காலத்தில் படப்பிடிப்பாளரோடு செய்தி எடுக்கப் போவேன். கமராவைப் பார்க்கிற முகம் படத்தைக் கெடுக்கும் என்று அவர் போகும் இடமெல்லாம் சத்தம் போடுவார். கேட்டுக் கேட்டு, கமராவைக் கண்டால் என் கண் தானாக வேறு பக்கம் போய்விடும்.

எலன் நியூ ஜேர்சியைச் சேர்ந்தவர். அவருடைய முன்னோர் எஸ்பியர்க் இருக்கும் யூட்லாந்துப் பகுதியிலிருந்து கப்பலேறியவர்கள். அவர்களுடைய ஊரைத் தேடி வரும் ஓர் அமெரிக்கப் பெண்ணைப் பற்றி, ஏழு பேர் கொண்ட குழுவோடு, பதினாறு மில்லிமீட்டர் பிலிமில் படம் எடுத்துக்கொண்டிருந்தார். பெரிய ஸ்டூடியோ எதுவும் பின்னால் இல்லாத இத்தகைய படங்களைச் சுயாதீனப் படங்கள் என்பார்கள். படத்தின் நாயகி மீன் தொழிற்சாலையில் ஒரு தமிழ்ப் பெண்ணோடு பழகுகிறாள். அந்தத் தமிழ்ப் பெண்ணாக நிற்க ஆள் தேவைப்பட்டது.

எலன் என் பக்கத்தில் வந்து நின்றார். அவர் பேசியது ஆங்கிலம். எங்கள் தமிழில் தருகிறேன்.

"நீங்கள் ஏன் கமராவைப் பாக்கேல்லை?"

"மீனைப் பாக்காட்டி விரல் போயிடும்" என்றேன்.

அவர் சிரித்தார். அடுத்த கிழமை எனக்கு வேடம் கிடைத்தது. பெயரில்லாத வேடம். மூன்று காட்சிகள். இரண்டில் கொஞ்சம் பேச்சு. மூன்றாவதில், ஊரில் கணவன் செத்துப்போனான் என்று தொழிற்சாலை ரெலிபோனில் செய்தி வருகிறது. அவள் குளிர்களஞ்சியக் கதவில் சாய்ந்து அழவேண்டும். எனக்கு அப்போது நாற்பதுக்குக் கிட்ட வயது, கல்யாணமாகவில்லை. இன்றுவரை ஆகவில்லை. ஆனால் திரையில் நான்கு தடவை விதவையாக இருந்திருக்கிறேன்.

2. சத்தமில்லாத அழுகை

முதல் இரண்டு காட்சிகளும் பிழையில்லாமல் போயின. தரையில் ஒட்டியிருக்கும் டேப்தான் 'மார்க்'. அதில் நிற்கவேண்டும், விளக்கை மறைக்கக்கூடாது, சொன்ன இடத்தில் சொன்னதைச் சொல்லவேண்டும். பத்திரிகையில் பத்தி அளவுக்குச் செய்தி எழுதிப் பழகியவளுக்கு இது புதிதல்ல.

அழுகைதான் வரவில்லை. எலன் கேட்டது சத்தமில்லாத அழுகை. தனியே நின்று, உதட்டைக் கடித்து, இரண்டு கண்ணிலும் தண்ணீர் வரவேண்டும். சனிக்கிழமை முழுவதும் முயன்றோம். கமராக்காரர் ப்ரேபன் என்ற டேனிஷ்காரர். பேச்சுக் குறைந்த மனிதர். அவரே கடைசியில் வெங்காயம் வெட்டித் தரட்டுமா என்று கேட்டார். வெட்டித் தந்தார். கண் எரிந்தது. மூக்கு ஓடியது. முகம் மட்டும் அப்படியே இருந்தது.

அதற்குக் காரணம் எனக்குத் தெரியும். தினசரியில் மரண அறிவித்தல் பக்கம் பல வருடம் என் பொறுப்பில் இருந்தது. அழுதுகொண்டு வருபவரிடம் இறந்தவரின் பிறந்த இடம், மக்கள் பெயர், மருமக்கள் பெயர், கிரியை நேரம் எல்லாம் பிழையில்லாமல் கேட்டு வாங்கவேண்டும். நானும் சேர்ந்து அழுதால் மருமகனின் பெயர் விடுபட்டுப்போகும். அதனால் முகத்தை மூடி வைக்கப் பழகினேன். மூடியது திறக்க மறுத்தது.

எலன் கோபப்படவில்லை. ஒரு மீன் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு என் முன்னால் உட்கார்ந்தார்.

"மிஸஸ் வை, நாளைக்குத்தான் பக்டரி எங்களுக்குக் கடைசி நாள். நாளைக்கும் வராட்டி இந்தக் காட்சியை எடுக்க மாட்டன். ரெலிபோனை வைச்சிட்டு நடந்து போற மாதிரி முடிச்சிடுவன்."

என் பெயர் யோகேஸ்வரி. அது அவர் வாயில் வரவில்லை. ஆங்கிலத்தில் அதன் முதல் எழுத்தைப் பிடித்து 'மிஸஸ் வை' என்று வைத்துக்கொண்டார். அவர் சொன்னதன் பொருள் விளங்கியது. அந்தக் காட்சி இல்லையென்றால் அந்தப் பெண் படத்தில் மேசை கதிரை போன்ற ஒரு தளபாடம். வந்தாள், போனாள்.

பின்னேரம் உடுப்பு மாற்றும் அறையில் திரேசம்மாவிடம் இதைச் சொன்னேன். திரேசம்மா மன்னாரைச் சேர்ந்தவர். வெட்டு மேசையில் எனக்கு எதிரே நிற்பவர். கணவர் இறந்தபின், மகனையும் மகளையும் தங்கையிடம் விட்டுவிட்டுத் தம்பியோடு டென்மார்க் வந்தவர். பிள்ளைகளைக் கூப்பிட விண்ணப்பம் போட்டு இரண்டாவது குளிர்காலம் நடந்துகொண்டிருந்தது. கொப்பன்ஹேகனிலிருந்து பதில் இல்லை. அவருக்கு மட்டுமல்ல, எங்களில் யாருக்கும் இல்லை. ஏன் இல்லை என்பது பின்னாளில்தான் நாட்டுக்கே தெரிந்தது. அப்போது எங்களுக்குத் தெரிந்ததெல்லாம், எங்கேயோ ஒரு மேசையில் ஒரு ஃபைல் அசையாமல் கிடக்கிறது என்பதுதான்.

பதில் வராத இடத்தில் எதுவும் காரணமாகத் தெரியும். மகளிர் விழாவில் படத்துக்கு நின்றவளின் கேஸ் நிற்கிறதாம் என்று ஒரு கதை. கொம்யூன் என்கிற நகரசபையின் அதிகாரியோடு சிரித்துப் பேசினவளின் கேஸ் கீழே போய்விட்டதாம் என்று இன்னொரு கதை. திரேசம்மா எல்லாவற்றையும் நம்பினார். தொழிற்சாலையின் வருடாந்தக் குழுப்படத்தில்கூட நிற்கவில்லை. எலனின் ஆட்கள் வந்த நாளிலிருந்து கமரா ஒரு பக்கம் என்றால் அவர் மறுபக்கம்.

நான் சொன்னதைக் கேட்டு அவர் சப்பாத்தைக் கழற்றுவதை நிறுத்தினார்.

"தனிய நிண்டோ அழச் சொல்லுறா?"

"ஓம்."

"சத்தமில்லாமலோ?"

"ஓம்."

"இதென்ன அக்கா, பல்லுவலியே? செத்தவீட்டில ஆர் தனிய அழுறது? ஒராள் வந்து கட்டிப்பிடிச்சாத்தானே மற்ற ஆளுக்கு அழுகை வரும். அந்தப் பிள்ளைக்கு ஒருத்தரும் செத்தவீடு காட்டேல்லைப் போல."

3. ஞாயிற்றுக்கிழமை

மறுநாள் தொழிற்சாலை மூடியிருந்தது. திரேசம்மாவும் இன்னும் இரண்டு தமிழ்ப் பெண்களும் மட்டும் அடுத்த மண்டபத்தில் துப்புரவு வேலைக்கு வந்திருந்தார்கள். சிவப்பு விளக்கு எரிந்தால் தண்ணீர்க் குழாயை மூடவேண்டும் என்று அவர்களுக்குச் சொல்லப்பட்டிருந்தது. அழுகிற காட்சி, ஆனால் சத்தம் வராது என்றும் நானே சொல்லியிருந்தேன். பிறகு நடந்ததற்கு இந்த இரண்டாவது தகவல்தான் காரணம்.

இரண்டு டேக் போனது. அழுகை வரவில்லை. நான் எலனிடம் கேட்டேன்.

"ஒருக்கா எங்கட முறையில செய்து பாக்கட்டோ?"

"உங்கட முறை எண்டா?"

"சத்தமா."

எலன் ப்ரேபனைப் பார்த்தார். ப்ரேபன் தோளைக் குலுக்கினார். கமரா ஓடத் தொடங்கியது.

நான் ரெலிபோனை வைத்தேன். தலையில் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு, "ஐயோ, வாறன் எண்டு சொல்லிப்போட்டுப் போனனீங்களே" என்று குரலெடுத்தேன். அப்போதும் எனக்குக் கண்ணீர் இல்லை. தொண்டை மட்டும்தான் வேலை செய்தது. ஆனால் அந்தக் கட்டடம் முழுவதும் இரும்பும் பீங்கான் ஓடும். ஒரு குரல் பத்துக் குரலாகத் திரும்பி வந்தது.

ஒப்பாரியின் இரண்டாவது அடியை எடுப்பதற்குள் மண்டபக் கதவு அடித்துத் திறந்தது. ரப்பர்ச் சப்பாத்தும் தலைமயிரை மூடும் தலைவலையுமாக மூன்று பெண்களும் ஓடி வந்தார்கள். முன்னால் திரேசம்மா. வழுக்கும் தரையில் அவர் ஓடிய வேகத்தை இன்றும் நம்ப முடியவில்லை. என்னை வந்து கட்டிப்பிடித்தார்.

"அக்கா! ஆர் அக்கா? ஆர்? எப்ப ரெலிபோன் கோல் வந்தது?"

சத்தமில்லாத அழுகைதான் படம். சத்தம் கேட்டபடியால் இது படமல்ல. அவர்கள் போட்ட கணக்கு அவ்வளவுதான். ஊரில் போர் நடந்த அந்த வருடங்களில், ரெலிபோனுக்குப் பக்கத்தில் ஒரு தமிழ்ப் பெண் குரலெடுத்தால் வேறு கணக்குப் போட எங்களில் யாருக்கும் தெரியாது.

திரேசம்மாவின் கன்னம் என் கன்னத்தில் ஈரமாக ஒட்டியது. அவர் யாரென்று தெரியாமலே அழத் தொடங்கியிருந்தார். மற்ற இருவரும் எங்களைச் சுற்றிப் பிடித்தார்கள். அப்போதுதான் எனக்கு வந்தது. அந்த மரண அறிவித்தல் பக்கத்தில் பிழையில்லாமல் அச்சேற்றிய பெயர்கள் எல்லாம் ஒன்றாக வந்ததுபோல் வந்தது. எவ்வளவு நேரம் என்று தெரியாது. ப்ரேபன் நிறுத்தவில்லை. ரோல் முடிந்து கமரா தானாகச் சடசடத்து நின்றது.

"திரேஸ்" என்றேன். "ஒருத்தரும் சாகேல்லை. இது படம்."

"என்ன?"

"படம், திரேஸ்."

அவர் விலகி நின்று என் முகத்தைப் பார்த்தார். பிறகு என் தோளில் ஓங்கி ஓர் அடி.

"நாசமாப்போன படம்! என்ர ஈரல் கருகிப்போச்சு. சத்தம் வராதெண்டு சொன்னது நீங்கள்தானே?"

மற்றப் பெண்களில் ஒருத்தி சிரித்துவிட்டாள். திரேசம்மாவும் சிரிக்கப்போனார். அப்போது கமராவைக் கண்டார். ரப்பர் ஏப்ரனைத் தூக்கி முகத்தை மூடிக்கொண்டார்.

4. நடுவில் நான்

எலன் அழுதுகொண்டிருந்தார். அவருக்கு மட்டும் அது சத்தமில்லாமல் வந்தது.

"என்ர வாழ்க்கையில எடுத்த நல்ல ஷொட் இதுதான்" என்றார். "இது படத்தில வரும். முழுசா வரும்."

திரேசம்மா ஏப்ரனுக்குள்ளிருந்து கேட்டார்.

"என்னவாம்?"

சொன்னேன்.

"என்ர முகம் அதில இருக்கோ?"

"இருக்கு."

"அப்ப அதை அழிக்கச் சொல்லுங்கோ. பிள்ளையள் வரும் மட்டும் என்ர முகம் ஒண்டிலயும் வரக்கூடாது. சொல்லுங்கோ அக்கா."

ஆங்கிலத்தில் சொன்னேன். எலன் அவசரமாகத் தலையாட்டினார். இது சின்னப் படம், அமெரிக்காவில் சின்னத் தியேட்டர்களில் ஓடும், கொப்பன்ஹேகனில் ஃபைல் பார்க்கிற அதிகாரி இதைப் பார்க்கவே மாட்டார், ஒரு படத்தால் எந்தக் கேஸும் கெடாது என்றார்.

அவர் சொன்னது அநேகமாகச் சரி. ஆனால் நான் பத்திரிகையில் இருந்தவள். 'யார் பார்க்கப்போகிறார்கள்' என்பது எப்போதும் வெளியிடுகிறவர் சொல்லும் வசனம். எங்கள் பத்திரிகையில் ஒருமுறை தேர்த்திருவிழாக் கூட்டத்தின் படம் வந்தது. ஆயிரம் தலைகள். அதில் ஒரு தலை, காய்ச்சல் என்று லீவு எடுத்த ஓர் எழுதுவினைஞருடையது. அதை முதலில் கண்டது அவருடைய மேலதிகாரியின் மனைவி. அச்சில் போன முகத்தைத் திருப்பி எடுக்க வழியில்லை.

எனக்கும் அந்த ஷொட் வேண்டும். அதை இங்கே மறைப்பதில் பயனில்லை. அப்படி ஒன்று என்னிடமிருந்து இன்னொரு தடவை வரும் என்று நான் நம்பவில்லை. இருவருக்கும் நடுவில் நின்று, இவர் சொன்னதை அவருக்கும் அவர் சொன்னதை இவருக்கும் கூட்டாமல் குறைக்காமல் சொன்னேன். மூன்றாவது சுற்றில் எலன் நிறுத்தினார்.

"மிஸஸ் வை, நீங்கள் என்ன சொல்லுறீங்கள்?"

"அழியுங்கோ" என்றேன்.

எலன் மீன் பெட்டியில் உட்கார்ந்தார். ப்ரேபன், இன்னும் அரை ரோல் மிச்சம் இருக்கிறது என்று டேனிஷில் சொன்னார். ஒரு டேக்குக்குக் காணும். இரண்டுக்குக் காணாது.

"என்னவாம்?" திரேசம்மா.

"அரை ரோல் கிடக்காம்."

"அப்ப நீங்கள் திரும்ப அழ வேணுமோ?"

"ஓம்."

"தனிய ஏலாதெல்லோ?"

"ஏலாது."

திரேசம்மா ஏப்ரனைக் கண் மட்டும் தெரியும்படி இறக்கினார். கமராவைப் பார்த்தார். குளிர்களஞ்சியக் கதவைப் பார்த்தார்.

"அந்த மிசின் அதிலதான் நிக்குமோ?"

"அதிலதான்."

"அப்ப நான் இஞ்சால நிண்டு உங்களைப் பிடிக்கிறன். உங்கட முகம் அதுக்குத் தெரியும். எனக்கு முதுகுதானே தெரியும்?"

"ஓம்."

"முதுகுக்கு ஆர் ஃபைல் வைச்சிருக்கினம்? ஆனா முதல்ல மற்றதை அழிக்கச் சொல்லுங்கோ. என்ர கண்ணுக்கு முன்னால."

இதை எலனுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். வேறு நெறியாளர்களோடும் பிறகு வேலை செய்திருக்கிறேன். அந்த இடத்தில் எத்தனை பேர் எலன் அடுத்துச் செய்ததைச் செய்திருப்பார்கள் என்று எண்ணிப் பார்த்தால் கணக்கு ஒரு கையைத் தாண்டாது. அவர் எழுந்து, கமராவிலிருந்து கழற்றிய மகசின் என்ற பிலிம் பெட்டியை ப்ரேபனிடம் வாங்கித் திறந்தார். பிலிமைப் பிடித்து விளக்கு வெளிச்சத்துக்குள் இழுத்தார். அது சுருள்சுருளாக ஈரத் தரையில் விழுந்தது. திரேசம்மா கிட்டப் போய்க் குனிந்து பார்த்தார்.

"இதில இப்ப ஒண்டும் இல்லையோ?"

"இல்லை."

"பாவம், அழகான சாமான்" என்றார்.

பிறகு மார்க்கில் எனக்கு முன்னால் வந்து நின்றார். எலன் அவருடைய தலைவலையைச் சரிசெய்தார், முகம் ஒரு பக்கத்தாலும் தெரியாதபடி. சிவப்பு விளக்கு எரிந்தது. நான் குரலெடுத்தேன். திரேசம்மா கட்டிப்பிடித்தார். ஒன்றும் வரவில்லை. பிலிம் ஓடுவது காதில் கேட்டது.

அப்போது அவர் என் காதுக்குள் மெல்லச் சொன்னார்.

"அக்கா, என்ர பெடியனுக்கு முன்பல்லு விழுந்திருக்கும் இப்ப. முளைச்சும் இருக்கும்."

அவ்வளவுதான் சொன்னார். பிறகு அவருடைய முதுகு குலுங்கத் தொடங்கியது. படத்தில் இருப்பது அந்த டேக். என் முகத்தைப் பற்றி அமெரிக்காவில் ஒரு விமர்சகர் நல்ல வார்த்தை எழுதினார். அந்த முகத்தை வேலை செய்ய வைத்தது எது என்று அவருக்குத் தெரிய வழியில்லை.

5. சலவை அறை

அந்தப் படம் சின்ன விழாக்களில் ஓடியது. அதைப் பார்த்த இன்னொரு நெறியாளர் எலனிடம் என்னைப் பற்றி விசாரித்தார். அப்படித்தான் இந்தத் தொழில் என்னைத் தேடி வந்தது. வருடத்தில் சில கிழமைகள் லீவு எடுத்துக்கொண்டு நியூ ஜேர்சிக்கோ ஒஹாயோவுக்கோ போவேன். மிச்ச நாளில் எஸ்பியர்க்கில், முதலில் மீன், பிறகு முதியோர் இல்லம். இல்லத்தில் இருந்தவர்கள் நான் ஹொலிவூட்டுக்குப் போய் வருகிறேன் என்று நம்பினார்கள். நான் திருத்தவில்லை. சலவைக்காரி, மோட்டல்காரரின் மனைவி, சாட்சி சொல்லும் அயலவள், பேருந்தில் இரண்டாவது பெண். நல்ல வேடங்கள். நாயகி படம் முழுவதையும் தூக்கவேண்டும். எங்களுக்கு ஒரு மூலையைப் பிடித்தால் போதும், ஆனால் அந்த மூலை சரியக்கூடாது.

இந்த வேலைக்கு வரும் இளையவர்களுக்கு இரண்டொரு விசயம். சாப்பிடுகிற காட்சியில் சின்ன வாயாக எடுங்கள். எட்டாவது டேக்கிலும் அதே அளவு சாப்பிடவேண்டி வரும். கதாபாத்திரத்தின் கடந்தகாலம் என்ன என்று நெறியாளரை இரண்டு தடவைக்கு மேல் கேட்காதீர்கள், அவருக்கும் தெரியாது.

ஒஹாயோவில் ஒரு மோட்டல் சலவை அறையில் படப்பிடிப்பு. நாயகிக்கு இருபத்தைந்து வயது இருக்கும், கெட்டிக்காரி. அன்று அவருக்கு அழுகை வரவில்லை. காட்சிப்படி நான் தூரத்தில் துணி மடித்துக்கொண்டு நிற்கவேண்டும். நெறியாளரிடம், நான் போய் அவரைப் பிடிக்கட்டுமா என்று கேட்டேன்.

"அப்ப உங்கட முகம் வராது. இந்தப் படத்தில உங்களுக்கு இதுதான் பெரிய ஷொட்" என்றார்.

"வராட்டிப் பரவாயில்லை."

கமராவுக்கு முதுகைக் கொடுத்து நின்று அந்தப் பிள்ளையைக் கட்டிப்பிடித்தேன். காதுக்குள் தமிழில், மத்தியானச் சாப்பாட்டில் உப்பே இல்லை என்று சொன்னேன். அவருக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. பொலபொலவென்று அழுதார். பிறகு, என்ன சொன்னீர்கள் என்று கேட்டார். எங்கள் ஊர் வார்த்தை என்று சொல்லி வைத்தேன்.

6. வீடியோ கசெற்

அந்த ஃபைல்களை நீதி அமைச்சரே சட்டத்துக்கு மாறாக நிறுத்தி வைத்திருந்தார் என்ற விசயம் பத்திரிகைகளில் வந்து, நாடே அதைத் 'தமிழர் வழக்கு' என்று பேசத் தொடங்கியது. அதற்குள் ஃபைல்கள் அசைந்துவிட்டன. திரேசம்மாவின் பிள்ளைகளும் வந்தார்கள். மகனுக்கு முன்பல் இரண்டும் முளைத்து, மீசையும் அரும்பியிருந்தது. மகள் நிலா, தாய் விட்டுப்போகும்போது நாலு வயதுப் பிள்ளை. வந்த பிள்ளை அம்மாவின் தோளுக்கு நின்றாள். முதல் மாதங்களில் தாயோடு அதிகம் பேசவில்லை. கேட்டதற்கு மட்டும் பதில். "என்னை ஆரோ அன்ரி மாதிரிப் பாக்கிறாள் அக்கா" என்று திரேசம்மா வெட்டு மேசையில் ஒரே ஒரு தடவை சொன்னார்.

எலன் தன் படத்தை வீடியோ கசெற்றில் அனுப்பியிருந்தார். ஒரு சனிக்கிழமை மூவரையும் வீட்டுக்குக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன். நான் நடித்த படம் என்றுதான் பிள்ளைகளுக்குச் சொல்லியிருந்தோம். திரேசம்மா தன்னைப் பற்றி மூச்சுவிடவில்லை. என்னுடைய கடைசிக் காட்சி வந்ததும் சோற்றைப் பார்க்கிறேன் என்று குசினிக்குள் போய்விட்டார்.

திரையில் என் முகம். அதற்கு முன்னால் ரப்பர் ஏப்ரனின் நாடாக்கள், தலைவலை, குலுங்கும் ஒரு முதுகு.

"அது அம்மா" என்றாள் நிலா.

தமையன் சிரித்தான். "உனக்கு விசரே? இது இங்கிலிஸ் படம். முகமே தெரியேல்லை."

"அம்மாதான்."

"எப்பிடித் தெரியும்?"

"அம்மா எங்களை விட்டிட்டுப் போகேக்க நான் வாசலில நிண்டு அதைத்தானே பாத்துக்கொண்டு நிண்டனான்."

குசினியில் கரண்டிச் சத்தம் நின்றது. நிலா எழுந்து போனாள். நான் கசெற்றை நிறுத்தினேன். கொஞ்ச நேரம் கழித்துக் குசினிக்குள்ளிருந்து திரேசம்மாவின் குரல் கேட்டது.

"பல்லைக் காட்டடி பாப்பம். எல்லாம் விழுந்து முளைச்சிட்டுதோ?"

அன்று சோறு அடிப்பிடித்திருந்தது. எல்லோரும் சாப்பிட்டோம்.

இந்தத் தொழிலில் நான் கற்றது இதுதான். முகம் வராத ஷொட் என்று கேட்டுத் தளர்ந்து நிற்காதீர்கள். முதுகை முழு மனதோடு கொடுங்கள். அதை அடையாளம் காணவேண்டியவர் எங்கேயோ இருப்பார்.